கலோத்சவ அப்பீல்: 'ஆர்டர் வாங்கித் தர்றேன்' என்பவரிடம் பணம் கொடுக்காதீர்கள்

கேரளப் பள்ளி மாணவர்களின் கலைப் போட்டித் திருவிழாவான கலோத்சவத்தில் மாவட்டப் போட்டி முடிவு வந்த சில நிமிடங்களில், இரண்டாம் இடம் வந்த பிள்ளையின் அப்பா அம்மாவைத் தேடி ஒருவர் வருவார். "மார்க் போட்டதுல விளையாடிட்டாங்க. மாநிலப் போட்டிக்குப் போக ஆர்டர் வாங்கித் தர்றேன்" என்பார். சில சமயம் பிள்ளைக்கு ஆடக் கற்றுக்கொடுத்தவரே வந்து இதைச் சொல்வார். 2018-இல் திருச்சூர் கலோத்சவத்தில் இந்த வியாபாரம் வெட்ட வெளிச்சமானது. பிள்ளையைப் போட்டியில் சேர்க்கச் சொல்லி, மாநிலக் குழந்தைகள் உரிமை ஆணையத்தின் பெயரில் போலி உத்தரவுகள் வந்து சேர்ந்தன. குற்றப்பிரிவு விசாரித்தது. கைதானவர்களில் நடன ஆசிரியரும் உண்டு. பணமும் போய், பிள்ளையின் பெயரும் வழக்கில் அடிபட்டதுதான் மிச்சம்.

இந்த ஆசைக்குக் காரணம் இருக்கிறது. 14 மாவட்டங்களிலிருந்தும் ஒவ்வொரு போட்டிக்கும் முதலிடம் பெற்றவர் மட்டுமே நேராக மாநிலத்துக்குப் போக முடியும். அங்கே கிரேடு கிடைத்தால் பத்தாம் வகுப்பு, பிளஸ் டூ தேர்வுகளில் கிரேஸ் மார்க், அதாவது கூடுதல் மதிப்பெண் உண்டு. அதிகப் புள்ளி எடுத்த மாணவிக்கும் மாணவனுக்கும் தந்துவந்த கலாதிலகம், கலாபிரதிபா பட்டங்களை நிறுத்தியும் சண்டை ஓயவில்லை, கிரேஸ் மார்க்குக்கு மாறிக்கொண்டது. மோகினியாட்டம், குச்சிப்புடி போன்றவற்றில்தான் அப்பீல் குவியும். உடைக்கும் ஒப்பனைக்கும் வாத்தியத்துக்கும் கொட்டிய பணம் பெற்றோரைச் சும்மா இருக்க விடாது.

உண்மையான வழி இதுதான். முடிவு அறிவித்த ஒரு மணி நேரத்துக்குள் அப்பீலை எழுத்தில், கட்டணத்தோடு கொடுக்க வேண்டும். தரகர் "நாளைக்குப் பார்த்துக்கலாம்" என்று பேசிக்கொண்டிருக்கும்போதே அந்த ஒரு மணி நேரம் கரைந்துவிடும். பணம் போவதைவிட இதுதான் பெரிய நஷ்டம்.

மனுவில் என்ன எழுதுகிறோம் என்பதும் முக்கியம். "எங்கள் பிள்ளை நன்றாக ஆடினாள், மார்க் குறைவு" என்று எழுதினால் எடுபடாது. மூன்று நடுவர்கள் கலையைப் பார்த்துப் போட்ட மதிப்பெண்ணை அப்பீல் குழு திருத்திப் போடாது. பாட்டு நடுவில் நின்றது, மைக் செத்தது, மேடை விரிப்பு நழுவிக் கால் வழுக்கியது, மதிப்பெண் கூட்டலில் பிழை என்று காட்டக்கூடிய குறைகள்தான் பேசும். குழு மேடை மேலாளர் எழுதிய குறிப்பையும் வீடியோவையும் பார்க்கும். ஆகவே மேடையில் கோளாறு நடந்தால் திரை விழுந்த உடனே, முடிவு வருமுன், பொறுப்பாசிரியர் மூலம் மேடை மேலாளரிடம் எழுத்தில் புகார் கொடுங்கள். தோற்ற பிறகு நினைவுக்கு வரும் மைக் கோளாறை யாரும் நம்பமாட்டார்கள், நம்பவும் வேண்டியதில்லை.

அப்பீல் வென்றாலும் முதலிடக்காரர் விலகமாட்டார், உங்கள் பிள்ளை கூடுதல் போட்டியாளராகப் போகும். அப்பீலுக்குக் கட்டிய தொகை திரும்ப வர, மாநில மேடையில் அந்த முதலிடக்காரரைவிட அதிக மதிப்பெண் வாங்க வேண்டும். "வென்றால் பணம் திரும்பிவிடும்" என்று பாதியை மட்டும் சொல்பவரிடம் மீதியையும் கேளுங்கள்.

உயர் நீதிமன்றம் போகலாம். ஆனால் நடுவரின் நாற்காலியில் நீதிமன்றம் உட்காராது. 2023 தொடக்கத்தில் இத்தகைய மனுக்களைத் தள்ளிய கேரள உயர் நீதிமன்றம், தோல்வியை ஏற்கப் பிள்ளைகளைப் பெற்றோர் பழக்க வேண்டும் என்றது. பாதுகாப்பற்ற மேடையால் பிள்ளைக்கு ஆபத்து வந்தால் பொறுப்பாளர்கள் சிறார் நீதிச் சட்டத்தில் பதில் சொல்ல நேரும் என்றும் அதே தீர்ப்பில் எச்சரித்தது. இடைக்கால உத்தரவில் ஆட அனுமதி கிடைத்தாலும் முடிவு இறுதித் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டதாகவே இருக்கும்.

இடுக்கி மாவட்டத்துத் தேவிகுளம், பீருமேடு, பாலக்காடு மாவட்டத்துச் சித்தூர்ப் பக்கத்துத் தமிழ்ப் பெற்றோருக்குத் தனியாக ஒன்று: மலையாளத்தில் அச்சடித்த தாளைப் படிக்கத் தெரியாது என்று வாங்கி வைத்துக்கொள்ளாதீர்கள். பள்ளி ஆசிரியரிடம் காட்டுங்கள். உயர் நீதிமன்ற உத்தரவென்றால் ரிட் மனு எண்ணும் ஆண்டும் இருக்கும். அந்த எண்ணை நீதிமன்ற இணையதளத்தில் நீங்களே போட்டுப் பார்க்கலாம். மனுதாரராகப் பிள்ளையின் பெயரோ உங்கள் பெயரோ இருக்க வேண்டும், வக்கீலை நியமிக்கும் வக்காலத்தில் நீங்கள் கையெழுத்துப் போட்டிருக்க வேண்டும். கையெழுத்தே போடாமல் உங்கள் பெயரில் உத்தரவு வந்தால் அது போலி.

பணம் கொடுத்துவிட்டீர்களா? தாளை எந்த அலுவலகத்திலும் நீட்டாதீர்கள். போலி என்று தெரிந்தும் நீட்டினால் குற்றம் உங்கள் தலையில் விழும். ஜிபே விவரம், வாட்ஸ்அப் உரையாடல், குரல் பதிவு எதையும் அழிக்காமல் காவல் நிலையத்தில் புகார் கொடுங்கள், புகார் ரசீதை வாங்கிக்கொள்ளுங்கள்.