ஒப்பந்தக் கோழியா, சொந்தக் கோழியா?

பல்லடம் பக்கம் கறிக்கோழி ஷெட் போட நினைப்பவர்கள் தவிப்பது இதில்தான்: கோழிக் கம்பெனிக்கு ஒப்பந்தத்தில் வளர்த்துக் கொடுப்பதா, சொந்தமாக வளர்த்து விற்பதா.

முதலீடு: ஒப்பந்தத்தில் குஞ்சு, தீவனம், மருந்து கம்பெனியுடையது; ஷெட், கரண்ட், தரையில் பரப்பும் தென்னைநார்க்கழிவு, ராத்திரி கண்விழிப்பு நம்முடையது. சொந்தத்தில் எல்லாமே நம் காசு, பாதிக்கு மேல் தீவனத்துக்கே போய்விடும்.

வரவு: ஒப்பந்தத்தில் கிலோவுக்கு இவ்வளவு என்று வளர்ப்புக்கூலி, அதை நிர்ணயிப்பதும் கம்பெனிதான், எனக்கு இது நியாயமாகவே படவில்லை. சொந்தத்தில் தீபாவளி விலை முழுக்க நமக்கு, புரட்டாசி இறக்கமும் நமக்கே.

ஆபத்து: 2006-இல் மகாராஷ்டிர நவாபூரில் பறவைக் காய்ச்சல் வந்தபோது நோயே இல்லாத ஊர்களிலும் விலை சரிந்தது, அந்த அடியைச் சொந்தக்காரர் தனியாகத்தான் தாங்க வேண்டும்.

வங்கிக் கடனில் ஷெட் என்றால் ஒப்பந்தம். தீவனத்துக்குச் சொந்த மக்காச்சோளமும், விற்கக் கறிக்கடையும் இருந்தால், சரி, தைரியமாகச் சொந்தம்.