மீட்லோஃப்: பிரட்டா, ஓட்ஸா, உப்பு பிஸ்கட்டா?

கொத்துக்கறியைப் பிசைந்து, செங்கல் வடிவில் பிடித்து, ஓவனில் வேகவைத்து, துண்டு போட்டுச் சாப்பிடுவதுதான் மீட்லோஃப். பக்கத்தில் மசித்த உருளைக்கிழங்கும் கொஞ்சம் பட்டாணியோ பீன்ஸோ இருக்கும். அமெரிக்காவில் இது விருந்துச் சாப்பாடு இல்லை. நம் வீட்டில் சாம்பார் எப்படியோ அப்படி, வார நாளில் அதிகம் யோசிக்காமல் செய்வது. சாம்பாரைப் போலவே வீட்டுக்கு வீடு பக்குவம் மாறும். அவரவர் அம்மா செய்ததுதான் சரி என்ற பிடிவாதமும் உண்டு.

நியூ ஜெர்சிக்கு வந்த புதிதில் நண்பன் வீட்டில் சாப்பிட்டுவிட்டு வந்த என் மகன் கேட்டதால்தான் நான் இதைத் தொடங்கினேன். முதல் தடவை செய்தது கத்தி பட்டதுமே பொலபொலவென்று உதிர்ந்தது. வாயில் போட்டால் மரத்தூள். மகன் ஒன்றும் சொல்லவில்லை, கெட்சப் பாட்டிலை மட்டும் தன் பக்கம் இழுத்துக்கொண்டான். அந்த வருஷம் முழுக்க ஒவ்வொரு பொருளாக மாற்றி மாற்றிச் செய்து பார்த்தேன். எனக்குப் புரிந்தது இதுதான்: கறிக்கு எவ்வளவு விலை கொடுத்தோம் என்பதைவிட, அதோடு எதை ஊறவைத்துச் சேர்த்தோம் என்பதுதான் மீட்லோஃபின் தலையெழுத்து.

காரணம் எளியது. கறி சூடாகும்போது அதிலுள்ள புரதம் சுருங்கும், ஈரத்துணியை முறுக்குவதுபோலத் தன்னிடம் உள்ள தண்ணீரை வெளியே தள்ளும். ஏறக்குறைய 50 டிகிரி செல்சியஸில் இது தொடங்கும், 65-ஐத் தாண்டினால் மும்முரமாகும். ஸ்டேக் மாதிரி முழுத்துண்டு கறி என்றால் அதற்கு முன்பே இறக்கிவிடலாம். கொத்துக்கறியில் முடியாது. அரைக்கும்போது மேல்பரப்பில் இருந்த கிருமி உள்ளே எல்லா இடத்திலும் கலந்துவிடுகிறது. அதனால் மாடு, பன்றி, ஆட்டுக் கொத்துக்கறிக்கு நடுப்பகுதி 71 டிகிரி, கோழிக்கும் வான்கோழிக்கும் 74 டிகிரி வர வேண்டும் என்கிறது அமெரிக்க வேளாண் துறை. ஆக, கறி தண்ணீர் விடத்தான் போகிறது. விட்ட சாறு தட்டில் ஓடாமல் பிடித்துவைக்க உள்ளே ஏதாவது மாவுப்பொருள் வேண்டும். 1930-களின் பொருளாதார மந்தநிலைக் காலத்தில் கொஞ்சக் கறியை நிறையப் பேருக்குப் பங்கிட பிரட்டையும் ஓட்ஸையும் சேர்த்தார்கள். சிக்கனத்துக்குச் செய்த வேலை, ருசிக்கும் நல்லதாகப் போயிற்று.

முதலில் பிரட். 2 பவுண்டு கறிக்கு, அதாவது ஏறக்குறைய 900 கிராமுக்கு, ஓரம் நீக்கிய சாதா வெள்ளை பிரட் 3 துண்டு, அரை கப் பால். பிரட்டைப் பிய்த்துப் போட்டுப் பாலில் பத்து நிமிடம் ஊறவிட்டு, முள்கரண்டியால் கூழாக மசிக்க வேண்டும். பிரெஞ்சுச் சமையலில் இதற்குப் பனாட் என்று பெயர். இந்தக் கூழ் கறித் துணுக்குகளின் நடுவே புகுந்து, புரதம் ஒன்றோடொன்று இறுகப் பின்னிக்கொள்ள விடாது. ஏற்கெனவே பாலைக் குடித்து நிற்பதால் கறியின் சாறையும் அது உறிஞ்சி எடுப்பதில்லை. கிடைப்பது பஞ்சுபோல மிருதுவான, ஆனால் துண்டாக நிற்கிற மீட்லோஃப்.

என் முதல் தோல்விக்கும் இங்கேதான் விடை இருந்தது. அன்று நான் போட்டது கடையில் டப்பாவில் விற்கும் காய்ந்த பிரட் தூள். அதை அப்படியே கறியில் கொட்டினேன். காய்ந்த தூளுக்குத் தாகம், கிடைக்கிற ஈரம் கறியின் ஈரம்தான். தூள்தான் கையில் இருக்கிறது என்றால் அதையும் பாலில் ஊறவைத்துவிட்டுச் சேருங்கள், பாதிப் பிரச்சினை அங்கேயே தீர்ந்துவிடும்.

அடுத்து ஓட்ஸ். குவேக்கர் ஓட்ஸ் டப்பாவிலேயே மீட்லோஃப் செய்முறையை அச்சிட்டு விற்ற நாடு இது, அதனால் ஓட்ஸ் கட்சிக்கு ஆள்பலம் அதிகம். ஒன்றரை பவுண்டு கறிக்கு முக்கால் கப் போதும். சீக்கிரம் வேகும் மெல்லிய ஓட்ஸாக இருக்க வேண்டும். முழு அவலாக இருக்கும் தடித்த ஓட்ஸ் ஒரு மணி நேரம் வெந்த பிறகும் பல்லில் தனியாகத் தட்டுப்படும். ஓட்ஸ் கஞ்சியில் ஒரு வழவழப்பு வருமே, அதே நார்ச்சத்துதான் இங்கே தண்ணீரைக் கட்டிப்பிடிக்கிறது. ஈரத்தைப் பிடிப்பதில் பிரட்டுக்குக் குறைந்ததில்லை. ஆனால் பதம் வேறு: கொஞ்சம் கெட்டி, லேசான தானிய வாசனை. சூடாகச் சாப்பிடும்போது எனக்கு பிரட்தான் பிடிக்கிறது. ஓட்ஸுக்கு அதன் நேரம் வரும், பிறகு சொல்கிறேன்.

உப்பு பிஸ்கட், இங்கே சால்டீன் என்பார்கள், தென் மாநிலங்களில் நிறையப் பேருக்குப் பிடித்தது. பவுண்டுக்கு 15 முதல் 20 பிஸ்கட் வரை நொறுக்கிப் போடுவார்கள். ரிட்ஸ் மாதிரி வெண்ணெய் பிஸ்கட் என்றால் கொழுப்பும் கூடச் சேர்ந்து ருசி தூக்கலாக இருக்கும். பிஸ்கட்டில் ஏற்கெனவே உப்பு இருப்பதை மறந்து வழக்கமான உப்பையும் போட்டால் தொலைந்தோம். நான் தொலைந்திருக்கிறேன். பாக்கெட்டில் வரும் வெங்காய சூப் பொடியைக் கலப்பதும் உண்டு. வேலை சுலபம், ஆனால் எல்லாம் ஒரே மாதிரிப் பாக்கெட் ருசியில் முடியும். அதைப் பற்றி இதற்கு மேல் சொல்ல ஒன்றுமில்லை.

ஊரிலிருந்து அம்மா ஆறு மாதம் வந்து இருந்தபோது இன்னொரு போட்டியாளரும் களத்தில் இறங்கியது. தட்டைப் பார்த்துவிட்டு, "கோலா உருண்டை எல்லாத்தையும் சேத்து ஒரே உருண்டையாப் பிடிச்சிருக்கியேடா" என்றார். தப்பில்லை, இரண்டும் பங்காளிகள்தான். நாம் பொட்டுக்கடலை மாவு போடுகிற இடத்தில் அவர்கள் பிரட் போடுகிறார்கள். சரி என்று ஒரு தடவை பொட்டுக்கடலை மாவு போட்டே மீட்லோஃப் செய்தேன். வெட்டும்போது அழகாக நின்றது, வாயில் களிமாதிரி இறுகியிருந்தது. கோலா உருண்டை சின்னது, எண்ணெயில் சில நிமிடத்தில் வெந்துவிடுகிறது, உடையாமல் இருப்பதுதான் அங்கே முக்கியம். ஒரு மணி நேரம் ஓவனில் கிடக்கும் செங்கல்லுக்கு அந்த இறுக்கம் ஆகாது.

பிசைவதிலும் இரண்டும் எதிரெதிர். கோலாவுக்குக் கறியை மைய அரைக்கிறோம். மீட்லோஃபைச் சப்பாத்தி மாவு மாதிரிப் பிசைந்தால் கதை முடிந்தது, ரப்பர்தான். உப்பு பட்ட கறியை அழுத்திப் பிசையப் பிசைய அதன் புரதம் கரைந்து பசையாகும். சாசேஜுக்கு அது வேண்டும், இதற்கு வேண்டாம். அதனால் உப்பு, மிளகு, வதக்கிய வெங்காயம் பூண்டு, வூஸ்டர் சாஸ், பவுண்டுக்கு ஒரு முட்டை எல்லாவற்றையும் முதலில் பிரட் கூழில் கலந்துவிட்டு, கடைசியில் கறியைப் போட்டு, விரல் நுனியால் கலந்தும் கலக்காமலும் நிறுத்திவிடுகிறேன். வெங்காயத்தைப் பச்சையாகப் போடுகிறவர்கள் உண்டு. வேகும்போது அது தண்ணீர் விடுவதால் லோஃப் விரிசல் விடும், நறுக்நறுக்கென்றும் இருக்கும். வதக்காத வெங்காயத்தைக் கறியில் போட எனக்குக் கையும் வருவதில்லை.

கறிக்கு வருவோம். மாட்டுக்கறியில் 80/20 என்று எழுதியிருப்பதை எடுங்கள், அதாவது 20 சதவீதம் கொழுப்பு. உடம்புக்கு நல்லது என்று 93/7 வாங்கினால் எந்த பிரட்டாலும் முழுதாகக் காப்பாற்ற முடியாது. சில கடைகளில் மாடு, பன்றி, கன்று மூன்றையும் கலந்து மீட்லோஃப் கலவை என்றே விற்கிறார்கள். பன்றி கொழுப்பைத் தரும், கன்றுக்கறியில் ஜெலட்டின் அதிகம், அது சாறைக் கொழகொழப்பாக்கி உள்ளேயே நிறுத்தும். ருசியில் இந்தக் கலவைக்குத்தான் முதலிடம். கன்றுக்கறி விலையைப் பார்த்தபின் நான் மாடு முக்கால் பங்கு, பன்றி கால் பங்கு என்று நின்றுவிட்டேன். அதோடு சுவையில்லாத ஜெலட்டின் தூள் ஒரு தேக்கரண்டியைப் பாலில் கரைத்துச் சேர்க்கிறேன். கண்ணை மூடிக்கொண்டு சாப்பிட்டால் எனக்கு வித்தியாசம் தெரியவில்லை.

அம்மா மாட்டுக்கறி சாப்பிட மாட்டார். அதனால் அந்த ஆறு மாதமும் வான்கோழி. நெஞ்சுக்கறியை மட்டும் அரைத்து 99 சதவீதம் கொழுப்பில்லாதது என்று விற்பதைத் தொடவே தொடாதீர்கள், தொடைக்கறி சேர்ந்ததை வாங்குங்கள். வான்கோழியில்தான் ஓட்ஸ் பிரட்டைத் தோற்கடித்தது. அரைத்த வான்கோழி சொதசொதவென்று இருக்கும், அதில் பிரட் கூழையும் சேர்த்தால் வடிவமே நிற்காது. ஓட்ஸ் ஈரத்தையும் பிடிக்கிறது, உருவத்தையும் தருகிறது. கூடவே கால் கிலோ காளானைப் பொடியாக அரிந்து, தண்ணீர் வற்றும்வரை வதக்கிச் சேர்த்தேன். வான்கோழியில் இல்லாத கறி ருசியைக் காளான் கொடுத்துவிடும். ஆட்டுக்கறி கைமாவிலும் செய்யலாம், ஆனால் அதன் வாசனையும் மேலே பூசும் இனிப்பும் ஒத்துப்போகவில்லை.

அச்சா, தட்டா என்பது அடுத்த தகராறு. 9க்கு 5 அங்குல பிரட் அச்சில் அமுக்கி வைத்தால் வடிவம் ஒழுங்காக வரும். ஆனால் வழிந்த கொழுப்பிலேயே கறி நின்று வேகும், பக்கங்கள் வெளுத்துக் கிடக்கும், ஓவன் வைத்து அவித்த மாதிரிதான். தட்டில் காகிதம் விரித்து, கையால் நீள்வட்டமாகப் பிடித்து வைத்தால் மேலும் பக்கங்களும் சிவந்து மொறுமொறுப்பு ஏறும், பூச்சுக்கும் இடம் கூடும், நேரமும் குறையும். 175 டிகிரியில் எனக்கு ஏறக்குறைய 55 நிமிடம் ஆகிறது, அச்சில் 70 வரை போகும். மாட்டுக்கறிக்குக் கண்ணை மூடிக்கொண்டு தட்டு. வான்கோழிக்கு மட்டும் அச்சு. வழிந்தோடக் கொழுப்பே இல்லாத கறிக்கு நாலு பக்கச் சுவர் ஒரு பாதுகாப்பு.

மேல்பூச்சில் எனக்குக் குழப்பமே இல்லை. அரை கப் கெட்சப், 2 மேசைக்கரண்டி பிரவுன் சுகர், ஒரு மேசைக்கரண்டி ஆப்பிள் வினிகர். கடைசி 20 நிமிடத்தில் பூச வேண்டும், முதலிலேயே பூசினால் சர்க்கரை கருகும். பேக்கன், அதாவது உப்பிட்ட பன்றிக்கறித் துண்டுகளால் மூடுவது பார்வைக்கு ஜோர்தான், ஆனால் அந்தத் துண்டுகளின் அடிப்பக்கம் வேகாமல் வழவழவென்று நிற்கும். கிரேவி ஊற்றுகிறவர்கள் பலர் உள்ளே வறண்டுபோனதை மறைக்கத்தான் ஊற்றுகிறார்கள் என்பது என் சந்தேகம்.

வெந்துவிட்டதா என்று பார்க்கக் கத்தியால் குத்துவது, நிறம் பார்ப்பது எல்லாம் ஏமாற்றும். வெங்காயம், செலரி மாதிரிக் காய்களில் இயல்பாக இருக்கும் நைட்ரேட்டால், முழுதாக வெந்த மீட்லோஃபும் உள்ளே இளஞ்சிவப்பாகவே நிற்கலாம். அதைப் பார்த்துப் பயந்து இன்னும் கால் மணி நேரம் விட்டால் பிரட், பால், ஜெலட்டின் அத்தனை பாடும் வீண். ஒரு தெர்மாமீட்டர் வாங்கி நடுவில் குத்திப் பாருங்கள். சொன்ன சூடு வந்ததும் எடுத்து, 10 முதல் 15 நிமிடம் வெட்டாமல் வையுங்கள். உடனே வெட்டினால் சாறு பலகையில் ஓடும். பசியோடு உட்கார்ந்திருக்கும் பிள்ளைகளிடம் இதைச் சொல்லிப் புரியவைப்பது மட்டும்தான் கஷ்டம்.

மிச்சத்தை இரண்டு மணி நேரத்துக்குள் பிரிட்ஜில் வைத்தால் 3, 4 நாள் தாங்கும். இங்கே மறுபடி ஓட்ஸ் முந்துகிறது. பிரட் போட்டது குளிர்ந்த பிறகு மெல்லிசாக வெட்டினால் உதிரும். ஓட்ஸ் போட்டது அரை அங்குலத் துண்டாகச் சுத்தமாக வரும். மகன் அதை அப்படியே குளிராக இரண்டு பிரட்டுக்கு நடுவே வைத்துப் பள்ளிக்கு எடுத்துப்போவான். அம்மா தோசைக்கல்லில் போட்டு இரண்டு பக்கமும் முறுக விட்டு, மிளகுத்தூள் தூவி, ரசம் சோற்றுக்குத் தொட்டுக்கொண்டார்.