ஒலியால் இயங்கும் உலகம்: மூன்று கற்பனைகளில் எது தாங்கும்?

மின்சாரமே இல்லாத ஓர் உலகம். அங்கே எல்லா வேலையும் ஒலியால் நடக்கிறது. இப்படி ஒரு அறிவியல் புனைகதை எழுத உட்கார்ந்தால், அந்த ஒலி என்ன வேலை செய்யும் என்பதை முதலில் முடிவு செய்தாக வேண்டும். பொருளைத் தூக்குமா, உடைக்குமா, இயந்திரத்தை ஓட்டுமா? மூன்றையும் இயற்பியலோடு உரசிப் பார்த்தேன்.

தூக்குவது கண்ணுக்கு விருந்து, அடிப்படையும் உண்மை. எதிரெதிர் ஒலிகள் சேர்ந்து நிலை அலை, அதாவது நகராமல் ஒரே இடத்தில் அதிரும் அலை, உருவானால், அதன் கணுக்களுக்கு (காற்றழுத்தம் மாறாத புள்ளிகளுக்கு) அருகே சிறு பொருள்கள் அந்தரத்தில் நிற்கும். 2015இல் பிரிஸ்டல் பல்கலைக்கழக ஆய்வாளர்களும் அவர்களின் கூட்டாளிகளும் 64 குட்டி ஒலிபெருக்கிகளை ஒரே பக்கம் வைத்தே தெர்மோகோல் மணியைப் பிடித்து நகர்த்திக் காட்டினார்கள். ஆனால் அது மணிதான். 40 கிலோஹெர்ட்ஸ் மீயொலிக்குக் காற்றில் அலைநீளம் சுமார் 8.6 மில்லிமீட்டர்; பொதுவாக அதில் பாதிக்கும் குறைவான பொருள்தான் நிலையாக நிற்கும். ஆள் உயரப் பொருள் வேண்டுமென்றால் அலைநீளம் 4 மீட்டர், அதாவது 86 ஹெர்ட்ஸ். மீயொலியாவது காதில் விழாது, இது நன்றாகவே விழும். 70 கிலோ உடலைத் தாங்க, என் கணக்கில் 170 டெசிபலுக்கு மேல் தேவை. வலியே 120, 130 டெசிபலில் தொடங்கிவிடுகிறது. மிதப்பவர் செவிடாகித்தான் மிதப்பார். நுண்ணிய கருவிகளைத் தொடாமல் கோக்கும் ஒரு பட்டறைக்கு இது போதும், பறக்கும் நகரத்துக்குப் போதாது.

அடுத்தது உடைப்பது. ஒத்ததிர்வு என்றதும் பலருக்கும் இதுதான் நினைவுக்கு வரும், எனக்கும் மிகவும் பிடித்தது இதுதான். ஊஞ்சலைச் சரியான நேரத்தில் தள்ளிக்கொண்டே இருந்தால் சின்னத் தள்ளலும் சேர்ந்து பெரிதாகும். 1831இல் மான்செஸ்டர் அருகே பிராட்டன் தொங்கு பாலத்தில் 74 படைவீரர்கள் காலடி ஒத்து நடந்தபோது, பாலம் ஆடிச் சரிந்தது. ஒரு மரையாணி முறிந்ததும் காரணம்தான், ஆனாலும் அதன்பின் பாலத்தில் நடையைக் கலைத்து நடக்கும்படி பிரிட்டிஷ் படைக்கு உத்தரவு வந்தது. (1940இல் அமெரிக்காவில் விழுந்த டகோமா பாலத்தை இதற்கு உதாரணம் காட்டாதீர்கள். அங்கே காற்றும் பாலத்தின் முறுக்கமும் ஒன்றையொன்று தூண்டிவிட்டன, அது வேறு கதை.)

சரியான சுரத்தை உரக்கக் கொடுத்தால் கண்ணாடிக் கோப்பை உடைவது, அது வாங்கிய அதிர்வை எளிதில் இழக்காததால். மரமும் மண்ணும் கான்கிரீட்டும் அதிர்வை விழுங்கிவிடும். அதனால் கோட்டைச் சுவரை ஒரே சுரத்தில் தூளாக்கும் கருவியை நான் எழுத மாட்டேன். வேறொரு கருவியை எழுதுவேன்: பொருளை மெல்லத் தட்டி, அதன் இயல் அதிர்வெண்ணை, அதாவது தட்டினால் அது தானாக எழுப்பும் சுரத்தை, காது கொடுத்துக் கேட்டுக் கண்டுபிடித்து, அந்தச் சுரத்தைத் திருப்பிக் கொடுப்பது. கீறல் விழ ஆரம்பித்ததும் பொருளின் சுரம் இறங்கும், கருவியும் கூடவே இறங்கியாக வேண்டும். கேட்கத் தெரிந்தவருக்கு மட்டுமே கைவரும் ஆயுதம். ஒரு பாத்திரத்தையே அதிலிருந்து வளர்க்கலாம்.

சரி, ஆனால் இது ஒரு காட்சிக்குத்தான் ஆகும். நாகரிகமே ஒலியில் ஓட ஆற்றல் வேண்டும். குரலில் அது இல்லை. பேச்சின் ஒலித்திறன் வாட்டில் லட்சத்தில் ஒரு பங்கு, லட்சம் பேர் சேர்ந்து பேசினாலும் ஒரு வாட்தான் தேறும். இங்கேதான் மூன்றாவது வழி மற்ற இரண்டையும் முந்துகிறது. சூடான குமிழை ஊதும்போது குழாய் தானாகப் பாடுவதைக் கண்ணாடி ஊதுபவர்கள் வெகுகாலம் முன்பே கவனித்திருந்தார்கள். ஒரு முனை சூடாகவும் மறுமுனை குளிராகவும் இருந்தால் குழாய்க்குள் காற்று அதிர்ந்து ஒலியாகும், அந்த ஒலி உந்துதண்டை (பிஸ்டனை) தள்ளும். திருப்பிப் போட்டால் ஒலி குளிர்விக்கும். 1992இல் டிஸ்கவரி விண்ணோடத்தில் அப்படி ஒரு குளிர்விப்பான் பறந்திருக்கிறது. ஆற்றல் வெப்பத்திலிருந்து வருகிறது, ஒலி அதைச் சுமக்கிறது, அவ்வளவுதான். கணக்கு எங்கும் இடிக்கவில்லை.

வெளியே கேட்கும் ஒலி வீணாகும் ஆற்றல் என்பதால், நல்ல இயந்திரம் கத்தாது, மெல்ல முனகும். ஊர் முழுக்க அந்த முனகலில்தான் தூங்கும். ஓர் இரவு அது நின்றுபோகிறது, எல்லா வீட்டிலும் ஒரே நேரத்தில் விழித்துக்கொள்கிறார்கள். என் முதல் அத்தியாயத்தை அங்கே தொடங்கிவிட்டேன்.