கடல்பனியில் கமுட்டிக்: சில குளிர்காலம் இழுத்துப் பார்த்த பிறகு

கனடாவின் வடக்கே இக்காலுயிட்டுக்குப் புதிதாக வருகிறவர்கள் ஸ்னோமொபைல் (பனிமேல் ஓடும் மோட்டார் வண்டி) வாங்கியதும் கேட்கும் கேள்வி: பின்னால் கட்டி இழுக்க பிளாஸ்டிக் சறுக்குவண்டி போதுமா, இனுயிட் மக்கள் மரத்தில் செய்யும் கமுட்டிக் வேண்டுமா? இரண்டையும் சில குளிர்காலங்களாக இழுத்துவிட்டேன். ஊருக்குள்ளும் ஏரிப் பக்கமும் போக பிளாஸ்டிக் போதும். கடலில் இறங்குவதென்றால் கமுட்டிக்தான்.

குளிரை விடுங்கள், அதற்கு உடுப்பு இருக்கிறது. தொல்லை கரையிலேயே ஆரம்பிக்கிறது. இக்காலுயிட்டை ஒட்டிய ஃபிரோபிஷர் விரிகுடாவில் பெரிய ஓதத்தின்போது நீர்மட்டம் 10 மீட்டருக்கு மேல் ஏறி இறங்கும். மேலே உறைந்து கிடந்தாலும் அடியில் கடல் சும்மா இருப்பதில்லை. தினமும் இரண்டு தடவை கரையோரப் பனியைத் தூக்கி உடைத்துப் போடுகிறது. தாறுமாறாகக் குவிந்த கட்டிகள், நடுவே விரிசல், அதில் கசியும் உப்புத்தண்ணீர். பிளாஸ்டிக் வண்டி இங்கே மூக்கைக் குத்திக்கொண்டு நின்றுவிடும்.

கமுட்டிக்கில் ஆணி கிடையாது. இரண்டு நீளமான அடிக்கட்டைகள், மேலே வரிசையாகக் குறுக்குப் பலகைகள், எல்லாம் கயிற்றுக்கட்டு, நம் கட்டுமரம் மாதிரி. ஒரு கட்டை மேட்டில் ஏற, மற்றது பள்ளத்தில் இறங்க, கட்டுகள் கிறீச்சிட்டு வளைந்து கொடுக்கும். பலகை பிளக்காது. முன்பு தோல்வாரால் கட்டினார்கள், இப்போது நைலான் கயிறு. அது தளரும், அவ்வப்போது இழுத்துக் கட்டத்தான் வேண்டும். வெறுங்கையால்தான் முடிச்சு சரியாக விழும் என்பதால் எனக்குப் பிடிக்காத வேலை.

இன்னொரு குறை, பிரேக் இல்லை. இறக்கத்தில் வேகத்தைக் குறைத்தால் சுமையோடு வந்து ஸ்னோமொபைலின் முதுகில் இடிக்கும். கயிற்றை நீளமாக விட்டு, இறக்கத்தில் சற்று ஒதுங்கி ஓட்டுவது பழகிவிடும். மெல்லிய பனியிலும் நீளக் கயிறு நல்லது. இரண்டின் எடையும் ஒரே இடத்தில் விழாது.

புதுப்பனி தனிக் கதை. கடல்நீர் சுமார் மைனஸ் 1.8 டிகிரியில் உறையும்போது உப்பைக் கக்குகிறது. மேற்பரப்பு பிசுபிசுவென்று ஈரமாக இருக்கும், வண்டி சறுக்காமல் இழுபடும். அடிக்கட்டையில் பிளாஸ்டிக் பட்டை அடித்திருந்தால் ஓரளவு பரவாயில்லை.

ஆனால் பனி தாங்குமா என்பதை எந்த வண்டியும் சொல்லாது. மேலே கிடக்கும் பொடிப்பனி குளிரை உள்ளே விடாது, அதனால் கனமாகப் பனி மூடிய இடத்தில்தான் அடிப்பாளம் மெலிந்திருக்கும். நீரோட்டம் வேகமாக ஓடும் குறுகலான இடங்களும் அப்படியே. வேட்டைக்காரர்கள் ஈட்டியால் குத்திப் பார்த்தே நகர்வார்கள். பாண்ட் இன்லெட் போன்ற ஊர்களில் ஸ்மார்ட்ஐஸ் அமைப்பினர் தடிமன் அளக்கும் கருவியை ஒரு கமுட்டிக்கிலேயே பொருத்தி இழுக்கிறார்கள். அந்தத் தகவல் கிடைத்தாலும் நான் உள்ளூர்க்காரரின் தடத்தை விட்டு விலகுவதில்லை.

வாங்குகிறவர்கள் நீளத்தில் கஞ்சம் பிடிக்காதீர்கள். குட்டை வண்டி திருப்ப சுலபம், சரி. விரிசலைத் தாண்டும்போது முன்முனை அந்தப் பக்கம் ஏறிய பிறகும் பின்பாதி இந்தப் பக்கம் இருக்க வேண்டும். அதற்கு நீளம்தான் உதவும்.