வெள்ளி மேல் ஒளிபுகும் எனாமல்: ஈயம் கலக்காத 80 மெஷ் பொடி எப்படி?

எனாமல் என்பது உலோகத்தின் மேல் இட்டுச் சூளையில் உருக்கி ஒட்டவைக்கும் வண்ணக் கண்ணாடிப் பொடி; 80 மெஷ் என்றால் அங்குலத்துக்கு 80 கண் உள்ள சல்லடையில் சலித்தது. இந்தப் பொடியில் நீலமும் பச்சையும் அருமை. சுத்த வெள்ளித் தகட்டில் நேரடியாகப் போட்டாலே அடியில் வெட்டிய கோடுகள் மினுமினுக்கின்றன. சிவப்புதான் சோதிக்கும். வெள்ளியோடு நேராகப் பட்டால் ஆரஞ்சாகவோ பழுப்பாகவோ மாறிவிடும். முதலில் நிறமற்ற ஃபிளக்ஸ் (அடிப்பூச்சுக்கான தெளிந்த எனாமல்) ஒரு பூச்சு சுட்டுவிட்டு அதன் மேல் போடுங்கள்.

டப்பாவிலிருந்து எடுத்து அப்படியே தூவினால் கலங்கலாகத்தான் வரும். காரணம் அதிலுள்ள மாவு போன்ற நுண்தூள். பொடியில் தண்ணீர் ஊற்றிக் கலக்கி, மணல் போன்ற பருத்த பொடி அடியில் தங்கியதும் பால் போன்ற நீரை வடியுங்கள். தண்ணீர் தெளியும்வரை இதையே செய்யுங்கள். கடைசி அலசல் காய்ச்சி வடித்த நீரில். ஒவ்வொரு அலசலிலும் கொஞ்சம் பொடி போய்விடும், அதற்கும் சேர்த்தே வாங்க வேண்டும். (நுண்தூளை வீசாதீர்கள், தகட்டின் பின்பக்கப் பூச்சுக்கு ஆகும்.)

ஈரம் முழுக்க உலர்ந்த பிறகே சூளைக்குள் வையுங்கள்; இல்லையேல் நீராவி பொடியைத் தெறிக்கவிடும். சுமார் 780 டிகிரி செல்சியஸில் இரண்டு நிமிடம். முதலில் சர்க்கரை மாதிரி, அப்புறம் ஆரஞ்சுத் தோல் மாதிரி, பிறகு பளபளப்பு: அந்தக் கணமே வெளியே எடுக்கலாம். கனமாக ஒரே பூச்சு வேண்டாம், மெல்லிசாக மூன்று போதும்.

92.5 வெள்ளிக்கு (நூற்றுக்கு 92.5 பங்கு மட்டும் வெள்ளி) இந்தப் பொடியைப் பரிந்துரைக்க மாட்டோம். செம்புக் கலப்பால் கறை படிகிறது, அந்தச் சூடு உலோகமே உருக ஆரம்பிக்கும் நிலைக்கு மிக அருகில் இருக்கிறது. டப்பாவின் மூடி மட்டும் மட்டமானது, வேறு கண்ணாடிச் சீசாவுக்கு மாற்றிவிடுங்கள்.