நகத்தில் நாள் கணக்குப் பார்க்கும் பாம்பன் கடிகாரக் கடை

பாம்பனில் தெற்குவாடிக்குப் போகும் வழியில், தகரக் கூரை போட்ட கடிகாரப் பழுதுபார்க்கும் கடை ஒன்று இருக்கிறது. கடந்த ஆடி அமாவாசைக்குப் பிறகு, ஒருவர் எத்தனை நாள் வாழ்ந்திருக்கிறார் என்று அளந்து சீட்டு எழுதிக் கொடுப்பதே அங்கு முதன்மையான வேலையாகிவிட்டது. நான்கு மாதங்களாகத் தங்கையை அங்கே அழைத்துச் சென்றுவரும் அனுபவத்தில் இதை எழுதுகிறேன்.

வெளியூர் வாசகர்களுக்காக நிலைமையைச் சொல்லிவிடுகிறேன். எங்கள் தீவுக்கு வடக்கே உள்ள பாக் நீரிணையைப் பெண் கடல் என்றும், தெற்கே உள்ள மன்னார் வளைகுடாவை ஆண் கடல் என்றும் சொல்வோம். அந்த அமாவாசை விடிந்தது முதல் ஆண் கடலில் மட்டும் காலம் நான்கு மடங்கு வேகமாக ஓடுகிறது. 1988-இல் திறக்கப்பட்ட சாலைப் பாலத்தைப் பேருந்து கடப்பதற்குள், தென்புறச் சன்னலோரம் அமர்ந்தவரின் கைக்கடிகாரம் வடபுறத்தில் இருப்பவருடையதைவிடச் சில நிமிடங்கள் முந்திவிடுகிறது. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையிலான 61 நாள் மீன்பிடித் தடையை இனி எந்தக் கடலின் நாளைக்கொண்டு எண்ணுவது என்று விசைப்படகுக்காரர்கள் இப்போதே கவலைப்படுகிறார்கள்.

அதிகம் அடிபட்டவர்கள் பாசி எடுக்கும் பெண்கள்தான். சின்னப்பாலத்தில் வாழ்க்கைப்பட்ட என் தங்கை, மாதத்தில் 12 நாள் மரிக்கொழுந்துப் பாசி எடுக்கப் போகிறாள். காலை ஏழு மணிக்குக் கடலில் இறங்கி, மதியம் ஒரு மணிக்குக் கரையேறுகிறாள். எங்களுக்கு ஆறு மணி நேரம். அவளுக்கு ஒரு முழு நாள். மூன்று வேளைச் சோற்றைக் கட்டிக்கொண்டு போய், வல்லத்திலேயே முறை வைத்துத் தூங்கி எழுந்து வருகிறார்கள். இந்த நிலையில், முன்பணம் கொடுத்திருந்த வியாபாரி, ஆண் கடலில் இறங்குகிறவளுக்கு ஒரு நாள் என்பது நான்கு நாள் என்று சொல்லி, 120 நாளுக்குப் போட வேண்டிய வட்டியை 480 நாளுக்குப் போட்டார்.

கடைக்காரர் கையாளும் முறை எளியது. மனித நகம் மாதத்துக்கு ஏறக்குறைய மூன்று மில்லிமீட்டர் வளரும்; அது ஊர்க் கடிகாரத்தைப் பார்ப்பதில்லை, உடம்பு கழித்த நாளைத்தான் பார்க்கிறது. நடுவிரல் நகத்தின் அடியில், சதையை ஒட்டி, ஊசி முனையளவு சிவப்புப் பொட்டு வைக்கிறார். நகத்துக்கு நகம் வேகம் மாறும் என்பதால், கடலுக்குப் போகாத உடன்பிறந்தவர் ஒருவரின் விரலிலும் ஒப்பிட்டுப் பார்க்க ஒரு பொட்டு வைக்கிறார். அதனால் எனக்கும் வைத்தார். ஒரு மாதம் கழித்துப் போனோம். பாறையில் சிராய்க்காமல் இருக்கத் தங்கை சுற்றியிருந்த துணியை அவரே மெதுவாக அவிழ்த்து, உப்பில் வெளுத்துப்போன விரலைத் துடைத்து, கண்ணில் லென்ஸைப் பொருத்திக்கொண்டு, "விரலை ஆட்டாம வைம்மா" என்று சொல்லி வெர்னியர் அளவியை வைத்தார். என் பொட்டு மூன்று மில்லிமீட்டர் நகர்ந்திருந்தது; அவளுடையது 3.9. முப்பது நாளில் அவள் 39 நாள் வாழ்ந்திருந்தாள். நகத்தின் நுனி எவ்வளவு தேய்ந்திருந்தாலும் அடியிலிருந்து அளப்பதால் கணக்குப் பிசகுவதில்லை.

நான்கு மாதச் சீட்டுகளைக் கூட்டினால் 156 நாள். அவற்றைக் காட்டிய பிறகு வியாபாரி 480-ஐ அடித்துவிட்டு 156 என்று எழுதினார். கடன் வாங்கியது கரையில் என்பதால் 120 நாளுக்குத்தான் வட்டி போட வேண்டும் என்பதே என் எண்ணம். ஆனாலும் அளவு என்று ஒன்று இருந்ததால்தான் இந்த மட்டிலாவது குறைந்தது.

குறைகளும் உண்டு. சீட்டில் முத்திரை இல்லாததால் ஓர் அலுவலகத்தில் அதை வாங்க மறுத்துவிட்டார்கள். அவர் முத்திரை ஒன்று செய்துகொள்வது நல்லது. சாரல் அடித்தால் உட்கார இடமில்லை. மருதாணி இட்ட விரலில் பொட்டு தெரியாது. இரண்டாம் மாதம் அந்தக் காரணத்தால் ஒரு நடை வீணாயிற்று, அதற்கு அவர் காசு வாங்கவில்லை. மற்றபடி சீட்டுக்கு 20 ரூபாய்தான். பாசி எடுக்கும் பெண்கள் காசை மறுநாள் தருவதானாலும் சம்மதிக்கிறார்.

கடைசியாகப் போனபோது, நாங்கள் கேட்காமலேயே எங்கள் பிறந்த நாள்களைக் கேட்டுக் குறித்துக்கொண்டார். நான் அவளைவிடச் சரியாக இரண்டு வயது மூத்தவள். சீட்டின் பின்புறத்தில், "அக்காவுக்கும் தங்கைக்கும் இன்றைய இடைவெளி 694 நாள்" என்று எழுதித் தந்தார். அதைத் தங்கை வியாபாரியிடம் கொடுக்காமல் தன்னிடமே வைத்துக்கொண்டாள்.