உப்புக்காற்றில் தின் ஈத்தர்நெட்: ஆறு வருட அனுபவம்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், கடலுக்கு இவ்வளவு பக்கத்தில் கடை வைத்திருந்தவன் தின் ஈத்தர்நெட் (ஒரே மெல்லிய கேபிளில் கம்ப்யூட்டர்களை எல்லாம் இணைக்கும் பழைய நெட்வொர்க்) போட்டிருக்கக் கூடாது. நான் போட்டேன். 1996இல் கீழக்கரையில் ஒரு மாடி அறையில் கம்ப்யூட்டர் சென்டர். ஒரு சர்வர், அதோடு இணைந்த எட்டு மெஷின் (நோடு). போன வாரம் பரணை ஒழித்தபோது பிஸ்கட் டின் நிறைய டி கனெக்டர் (ஒவ்வொரு மெஷினிலும் கேபிளை மாட்டும் T வடிவத் துண்டு) கிடைத்தது. அதனால்தான் இந்த விமர்சனம் இவ்வளவு தாமதம்.

வாங்கியதற்குக் காரணம் காசு. ஆர்ஜி-58 கேபிள் ஒரு மெஷினிலிருந்து அடுத்ததற்கு, அங்கிருந்து அடுத்ததற்கு என்று வரிசையாகப் போகும். நடுவில் எல்லா ஒயரும் வந்து சேர ஹப் என்று தனியாக ஒரு பெட்டி வேண்டாம். 185 மீட்டர் வரை இழுக்கலாம், 30 மெஷின் மாட்டலாம். என் அறைக்கு அந்த நீளத்தில் பத்தில் ஒரு பங்கு போதும். நோடுகளில் ஹார்ட் டிஸ்க்கே கிடையாது. லேன் கார்டில் (கேபிளை மாட்டும் கார்டு) நெட்வொர்க் வழியாகவே மெஷினைத் தொடங்கும் பூட் ரோம் சிப் சொருகியிருந்ததால், ஸ்விட்ச் போட்டதும் நெட்வேர் 3.12 மென்பொருள் ஓடிய சர்வரிலிருந்து டாஸ் இயங்குதளம் இறங்கிவிடும். ஃபாக்ஸ்புரோ, டர்போ சி என்ற மென்பொருள்கள் எல்லாம் சர்வரில்தான். கார்டுகள் என்இ2000 மாதிரியில் வந்த மலிவு ரகம். ஐஆர்கியூ 3இல் (கார்டு சிபியுவைக் கூப்பிடும் எண்) இரண்டாவது சீரியல் போர்ட்டோடு மல்லுக்கு நிற்கும். மோடம் இருந்த மெஷினில் மட்டும் அந்த எண்ணைத் தீர்மானிக்கும் ஜம்பரை மாற்றினேன், தீர்ந்தது.

வேகம் வினாடிக்கு 10 மெகாபிட். ஆனால் ஒரே ஒயர், எல்லோருக்கும் பொது. ஒருவர் பேசினால் மற்றவர் பொறுக்க வேண்டும்; இரண்டு பேர் ஒன்றாகப் பேசி முட்டிக்கொண்டால் இருவரும் நிறுத்தி, ஆளுக்கொரு கணக்கில் காத்திருந்து மறுபடி ஆரம்பிக்க வேண்டும். 1973இல் ஜெராக்ஸ் ஆராய்ச்சிக் கூடத்தில் ராபர்ட் மெட்காஃப் தொடங்கிவைத்த ஈத்தர்நெட் இப்படித்தான் வேலை செய்தது. காலை பேட்ச் எட்டுப் பேரும் சேர்ந்து ஸ்விட்ச் போட்டால் நான் கீழே போய் டீ குடித்துவிட்டு வருவேன்.

சரி, தொல்லைக்கு வருகிறேன். கச்சான் காற்று அடிக்கும் மாதங்களில் ஜன்னலைச் சாத்தினாலும் கீபோர்டு பிசுபிசுக்கும். கனெக்டர்களின் நிக்கல் பூச்சு முதல் வருடத்திலேயே மங்கி, விளிம்பில் பச்சைக் களிம்பு ஏறியது. ஒரே ஒரு இடத்தில் பிடிப்பு விட்டாலும் எட்டு நோடும் நின்றுவிடும். "சந்தனக்கூட்டுக்குப் போடுற சீரியல் செட் மாதிரில இருக்கு சார்" என்றான் ஒரு பையன்.

காரணம், லைனின் இரண்டு முனையிலும் 50 ஓம் டெர்மினேட்டர் (சிக்னலை உறிஞ்சிக்கொள்ளும் மூடி) இருந்தாக வேண்டும். முனை திறந்து கிடந்தால் சிக்னல் மோதித் திரும்பி வந்து எல்லாவற்றையும் குழப்பும். அறுந்த இடத்தைத் தேட மல்டிமீட்டர்தான் துணை. நடு நோடின் டி கனெக்டரைக் கார்டிலிருந்து கழற்றி, ஊசிக்கும் வெளிக்கூட்டுக்கும் மீட்டரை வைத்தால், இரண்டு முனையின் 50 ஓமும் பக்கம் பக்கமாகச் சேர்ந்து 25 ஓம் காட்ட வேண்டும். 50 காட்டினால் ஒரு பக்கம் போச்சு. இடப்பக்கக் கேபிளைக் கழற்றியும் அதே 50 நின்றால் கோளாறு இடப்பக்கம். அப்புறம் அந்தப் பாதியில் பாதி. பெரும்பாலும் எவனாவது காலை நீட்டி ஒயரை இழுத்திருப்பான்.

ஒருமுறை கேபிள் பற்றாமல் மதுரையில் ஒரு கடையில் வாங்கினேன். "எல்லாம் ஒண்ணுதான்" என்று கொடுத்தார்கள். மூன்று வாரம் ஒழுங்காக ஓடிவிட்டு, அப்புறம் ஃபைல்கள் பாதியில் நிற்க ஆரம்பித்தன. மேலே பொடி எழுத்தில் ஆர்ஜி-59 என்றிருந்ததை நான் படிக்கவில்லை. கேபிள் டிவிக்குப் போடும் 75 ஓம் ஒயர் அது; இதற்கு வேண்டியது 50 ஓம்.

2002இல் ஹப்புக்கு மாறினேன். ஒரு ஒயர் போனால் ஒரு நோடுதான் போகும் என்பது முதல் மாதம் முழுக்க அதிசயமாகவே இருந்தது.

ஐந்துக்கு மூன்று தருகிறேன். அந்தப் பணத்துக்கு எட்டுப் பேர் ஒரே நேரத்தில் உட்கார வேறு வழி இருக்கவில்லை. குறைத்த இரண்டும் களிம்புக்கு. டின்னில் டெர்மினேட்டர் ஒன்றுதான் மிச்சம்; கடையில் வாங்கியது தொலைந்தபோது, ராமநாதபுரத்தில் ஒரு ரேடியோ மெக்கானிக் இரண்டு 100 ஓம் ரெசிஸ்டரைப் பக்கம் பக்கமாகச் சேர்த்துப் பற்றவைத்துக் கொடுத்தது. மீட்டர் வைத்துப் பார்த்தேன். 49.7.